டெரிக்கிடம் கற்ற டொச்

‘டெரிக்’ என்ற ஜேர்மன் டிவி தொடரில் துப்பறியும் போலீஸ் அதிகாரி டெரிக்காக நடித்த ஹோர்ஸ்ட் டாப்பேர்ட்டை நான் நேரில் கண்டதில்லை. ஆனால் எனக்கு டொச், அதாவது ஜேர்மன் மொழி, படிப்பித்தவர் அவர்தான்.

1985இல் மேற்கு ஜேர்மனியின் வுப்பெர்டால் நகரில் ஓர் அகதி விடுதியில் இருந்தோம். ஓர் அறைக்குள் ஆறு பேர், எல்லோருக்கும் பொதுவாகக் கூடத்தில் ஒரு டிவி. வெள்ளி இரவு 8:15க்கு ‘டெரிக்’ போனால் சமையலைக்கூட விட்டுவிட்டு வந்து உட்காருவோம். மூனிக் நகரில் யாராவது ஒரு பணக்காரர் கொலையாகிக் கிடப்பார். கண்ணுக்குக் கீழே பை தொங்க, மழைக்கோட்டோடு டெரிக் வருவார். கத்த மாட்டார், துப்பாக்கியை அபூர்வமாகத்தான் எடுப்பார். ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி நிதானமாகப் பேசுவார். அதனால்தான் எங்களுக்குப் புரிந்தது. கொலைகாரனைக்கூட ‘சீ’ என்று, டொச்சில் ‘நீங்கள்’ என்று, மரியாதையாகத்தான் கூப்பிடுவார்.

நான் பாடமாக்கிய முதல் முழு வசனம் ‘வோ வாரன் சீ கெஸ்டர்ன் ஆபென்ட்?’ நேற்று மாலை எங்கே இருந்தீர்கள்? வேலை செய்த உணவகத்தில், முந்தின நாள் வராமல் நின்ற சமையல்காரரிடம் அப்படியே கேட்டுவிட்டேன். மனிதர் கரண்டியைப் போட்டுவிட்டு இரண்டு கையையும் உயர்த்தினார். அன்றிலிருந்து அங்கே எனக்குப் பெயர் டெரிக்.

பக்கத்து வீட்டு அம்மா ஒருவருக்கு டாப்பேர்ட் மேல் சொந்தக்காரப் பெருமை. டாப்பேர்ட் 1923இல் பிறந்த எல்பெர்ஃபெல்ட் இன்று வுப்பெர்டாலுக்குள் தானே இருக்கிறது. போர் முடிந்து ஸ்டெண்டால் ஊர் நாடக அரங்கில் கணக்கெழுதும் வேலைக்குப் போனவர் மேடையேறிவிட்ட கதையை அந்த அம்மாதான் சொன்னார். நாடு முழுக்கத் தெரிந்த முகமானது 1966இல். இங்கிலாந்தின் பெரிய ரயில் கொள்ளையைப் பற்றிய தொடரில் கொள்ளைக் கூட்டத்தின் தலைவனாக நடித்தார். திருடனாகப் பேரெடுத்தவர், 1974இல் இருந்து 1998 வரை 281 பகுதிகளில் போலீஸ்! நூறு நாடுகளுக்கு மேல் விற்ற தொடர். ‘ஹாரி, போய் வண்டியை எடு’ என்று அவர் உதவியாளரிடம் சொல்வதாக ஜேர்மன்காரர் எல்லோரும் நடித்துக் காட்டுவார்கள். அந்த வசனம் அப்படியே தொடரில் எங்கும் வராது என்பது வேறு கதை.

2008 டிசம்பரில் அவர் இறந்தபோது எனக்கு உண்மையிலேயே மனம் கனத்தது.

அப்புறம் 2013. தொடரை எழுதிய ஹெர்பர்ட் ரைனெக்கரைப் பற்றி ஆராய்ந்துகொண்டிருந்த சமூகவியலாளர் யோர்க் பெக்கர், பழைய இராணுவ ஆவணங்களில் டாப்பேர்ட்டின் பெயரைக் கண்டார். 1943இல், இருபது வயதளவில், ஹிட்லரின் நாஜிக் கட்சியுடைய ஆயுதப் படையான வாஃபன் எஸ்எஸ்ஸின் ‘டோட்டன்கோப்ஃப்’ படைப்பிரிவில் சிப்பாய். போரில் மருத்துவ உதவியாளனாக இருந்ததாகத்தான் அவர் சொல்லிவந்தார். ‘டெரிக்’கை ஒளிபரப்பிய இசட்டிஎஃப் தொலைக்காட்சி மறுஒளிபரப்பை நிறுத்தியது. பவேரியாவில் அவருக்குக் கொடுத்திருந்த கௌரவப் போலீஸ் பட்டத்தையும் திரும்ப எடுத்தார்கள்.

செய்தியை என் மகன்தான் ஃபோனில் காட்டினான். எனக்கு உடனே ஞாபகம் வந்தது என்னுடைய அகதி விசாரணை. எந்த மாதத்தில் எங்கே இருந்தாய், யாரோடு இருந்தாய், திகதி ஏன் பிழைக்கிறது என்று மூன்று மணிநேரம். மொழிபெயர்ப்பாளர் வாய் திறக்குமுன்பே எனக்குக் கேள்வி விளங்கியது, டெரிக்கின் புண்ணியத்தில். பயத்தில் நானும் ஒன்றிரண்டை விழுங்கினேன். அதனால் ஒருவர் வாயை மூடிக்கொண்டிருந்தார் என்பதற்காக மட்டும் நான் கோபப்பட முடியாது. ஆனால் நான் மறைத்தது என்னைத் துரத்தியவர்களிடமிருந்து தப்ப. அவர் மறைத்தது துரத்தியவர்களின் சீருடையை. இரண்டையும் ஒரே தராசில் வைக்க எனக்கு மனம் வரவில்லை.

‘அப்பா, இனி அந்த ஆளை உங்களுக்குப் பிடிக்காதா?’ என்று மகன் கேட்டான். டொச்சில்தான் கேட்டான். நானும் டொச்சில் பதில் சொல்லத் தொடங்கினேன், நிறுத்தி நிதானமாக, டெரிக் மாதிரியே. பாதியில் அது என் காதிலேயே விழ, மீதியைத் தமிழில் சொன்னேன்.