எங்கள் ஊர் அரசுப் பள்ளிக்குப் பிள்ளைகளைத் திரும்பக் கொண்டுவர வழி சொல்லுங்கள்

பென்னாகரம் பக்கம் எங்கள் ஊர் அரசுத் தொடக்கப் பள்ளியில் சேர்க்கை குறைந்துகொண்டே போகிறது, இந்த ஜூனில் ஒன்றாம் வகுப்புக்கு வந்தது மூன்றே பேர். நான் பள்ளி மேலாண்மைக் குழுவில் இருக்கிறேன், என் மகளும் அங்கேதான் மூன்றாவது படிக்கிறாள். கொரோனா சமயத்தில் நிறையப் பேர் வந்து சேர்ந்தார்கள், அப்புறம் ஒவ்வொருவராக டி.சி. வாங்கிப் போய்விட்டார்கள்.

கட்டடம் நன்றாக இருக்கிறது, 2023 முதல் காலை உணவும் உண்டு. ஆனால் ஐந்து வகுப்புக்கு இரண்டே ஆசிரியர்கள். ஒருவர் பயிற்சிக்குப் போனால் எல்லா வகுப்பும் ஒரே அறையில்தான். ஊர் பேசுவது இதைத்தான், அதில் தப்பே இல்லை.

வீடு வீடாகப் போனோம், நோட்டீஸ் கொடுத்தோம், கிராம சபையிலும் பேசினோம். மருத்துவப் படிப்பில் 7.5 சதவீத ஒதுக்கீடு, புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1000 ரூபாய் என்று சொன்னால், "அதுக்கு ஆறாவதுல இருந்து கவர்மென்ட் ஸ்கூல்ல படிச்சா போதுமேங்க, அதுவரைக்கும் வேன்ல போகட்டும்" என்கிறார்கள். ஒரு அம்மா முன்னால் என் மகள் தமிழ்ப் பாடத்தைத் தடுமாறாமல் வாசித்துக் காட்டினாள், "தமிழ் சரிங்க, இங்கிலீஷ்?" என்று கேட்டுவிட்டார். கூடுதல் ஆசிரியர் கேட்டு மனு கொடுத்தால் பிள்ளைகள் சேரட்டும், பார்க்கலாம் என்று பதில். ஆசிரியர் இல்லாமல் யார் சேர்ப்பார்கள்?

தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம் இப்படி இரண்டு ஆசிரியர் பள்ளியில் சேர்க்கையைக் கூட்டியவர்கள் இருந்தால் சொல்லுங்கள்: பெற்றோருக்கு முதலில் நம்பிக்கை வர வைத்தது எது?