கடன் வாங்கிக் கட்டினோம், சரி. திருப்பிக் கட்ட ஏன் முடியவில்லை?

வெள்ளவத்தை ஒழுங்கை கேட்டது:

போன ஞாயிறு மகளைக் கூட்டிக்கொண்டு காலிமுகத்திடல் போயிருந்தேன். இறால் வடை கையில், முன்னால் போர்ட் சிட்டி, அந்தப் பக்கம் திரும்பினால் தாமரைக் கோபுரம். மகள் ஏ.எல். வர்த்தகப் பிரிவு, பொருளியல் படிக்கிறாள். "அப்பா, இவ்வளவையும் கட்டின இலங்கை 2022 ஏப்ரலில் கடன் கட்டக் காசில்லை என்று ஏன் கையை விரித்தது?" என்று கேட்டாள். எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். சீனாக்காரனிடம் அளவுக்கு மீறி வாங்கினோம், கட்ட முடியாமல் அம்பாந்தோட்டைத் துறைமுகத்தைக் கொடுத்தோம் என்று. மிஸ் அப்படிச் சொல்லவில்லையாம், முகத்தைச் சுளித்துவிட்டாள்.

யோசித்துப் பார்த்தால் எனக்கும் விளங்கவில்லை. 77க்கு முதல் மூடின பொருளாதாரம், பாணுக்கு வரிசை. பிறகு ஜே.ஆர். ஜயவர்தன ஆட்சிக்கு வந்து திறந்துவிட்டார், மகாவலி அணைத் திட்டம், கட்டுநாயக்கா ஏற்றுமதி வலயம் எல்லாம் வந்தது. இடையில் யுத்தம். யுத்தம் முடிந்து நெடுஞ்சாலை, துறைமுகம், மத்தளையில் விமான நிலையம். இவ்வளவுக்கும் பிறகு 17வது தடவையாக ஐ.எம்.எப். என்ற சர்வதேச நாணய நிதியத்தின் வாசலில் நிற்கிறோம். கட்சிச் சண்டை வேண்டாம், கணக்குத் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். நான் புறக்கோட்டையில் மின்சாமான் கடை வைத்திருக்கிறவன், சின்ன ஆள்தான், ஆனால் லாப நட்டம் சொன்னால் விளங்கும்.

மருதானை மச்சான்:

களவு. இதற்கு எதற்கு பொருளியல்?

கணக்குப்பிள்ளை:

மச்சான், களவு நடக்கவில்லை என்று யாரும் சொல்ல மாட்டார்கள். ஆனால் அதோடு நிறுத்திக்கொண்டால், கள்ளனைப் பிடித்த அடுத்த நாள் கணக்கு நேராகிவிட வேண்டும். ஆகாது. நான் ஓய்வுபெற்ற கணக்காளர், கொஞ்சம் நீட்டித்தான் எழுதுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் வெள்ளவத்தைத் தம்பிக்கு: நீங்கள் வடை சாப்பிட்டபடி பார்த்த போர்ட் சிட்டி அரசாங்கம் வாங்கின கடன் இல்லை. சீன நிறுவனம் தன் காசைப் போட்டுக் கடலை நிரப்பியது, 269 ஹெக்டேயர், பதிலுக்கு அதில் ஒரு பங்கு 99 வருடக் குத்தகை. தாமரைக் கோபுரமும் அம்பாந்தோட்டையும் கடன்தான். ஆனால் 2017இல் அம்பாந்தோட்டையைக் குத்தகைக்கு விட்டு வாங்கின 112 கோடி டொலர் அந்தத் துறைமுகக் கடனுக்குப் போகவில்லை. கையிருப்பில் டொலர் குறைந்திருந்தது, அதை நிரப்பப் போனது. துறைமுகத்துக்கு வாங்கின கடன் அப்படியே திறைசேரியின் தலையில் இருக்கிறது. நிலுவையில் நின்ற அரசாங்க வெளிக்கடனில் சீனாவின் பங்கு ஏறக்குறைய ஐந்தில் ஒன்று. அதைவிடப் பெரிய பங்கு சர்வதேச இறைமை முறிகள், அதாவது அரசாங்கம் கடன் பத்திரம் விற்று யாரென்றே முகம் தெரியாத முதலீட்டாளர்களிடம் சந்தையில் வாங்கினது. நடுத்தர வருமான நாடு என்று பெயர் எடுத்த பிறகு ஜப்பான், உலக வங்கி பக்கம் கிடைத்த மலிவுக் கடன் குறைந்துகொண்டு வந்தது. அப்புறம் 2007இல் முதல் முறி, 50 கோடி டொலர், வட்டி 8.25 சதவீதம், ஐந்து வருடத்தில் முழு முதலையும் ஒரே நாளில் கொடுக்க வேண்டும். அதைக் கொடுக்க இன்னொரு முறி. புறக்கோட்டையில் இதற்கு என்ன பெயர் என்று உங்களுக்கே தெரியும், மீட்டர் வட்டிக்காரனுக்குக் கொடுக்க இன்னொரு மீட்டர் வட்டிக்காரனிடம் போவது.

2022 ஜனவரி 18 நினைவிருக்கிறதா? டொலர் இல்லாமல் பால்மாவுக்கும் காஸுக்கும் ஜனம் திண்டாடிய நேரம். அன்றைக்கு 50 கோடி டொலர் முறி ஒன்றை ஒரு சதம் குறையாமல் கட்டினார்கள். மூன்று மாதம் போகவில்லை, ஏப்ரல் 12, இனிக் கட்ட முடியாது என்று அறிவிப்பு. இன்றைக்கும் எனக்கு வயிறு எரிகிறது.

சரி, கட்ட ஏன் முடியவில்லை? வீட்டுக் கணக்குத்தான், வரவு எங்கே என்று பாருங்கள். 1990இல் மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 19 சதவீதம் அளவு வரியாக வந்தது. 2020இல் 8 சதவீதம். நடுவில் நாடு ஏழையாகவில்லை, பணக்காரர் இருக்கிற கொழும்பு 7இல் வீட்டு விலையைப் பாருங்கள். வசதியானவர்களிடம் வாங்கப் பயம், அவ்வளவுதான். எல்லாவற்றுக்கும் மேலே 2019 டிசம்பரில் வற் வரியை, அதாவது விற்கிற பொருளின் விலையோடு சேருகிற பெறுமதி சேர் வரியை, 15 சதவீதத்திலிருந்து 8ஆக வெட்டினார்கள், அதற்குக் கடைகள் பதிவு செய்யவேண்டிய எல்லையை வருடத்துக்கு 1.2 கோடி ரூபா விற்பனையில் இருந்து 30 கோடிக்குத் தூக்கினார்கள். அதற்குப் பிறகு கொரோனா. நாடுகளின் கடன் தரத்தை மதிப்பிடுகிற நிறுவனங்கள் எங்களைக் கீழே தள்ளின, சந்தையில் ஒருவனும் கடன் தரவில்லை. 2019 முடிவில் 760 கோடி டொலர் இருந்த கையிருப்பு அப்படியே கரைந்தது. ரசாயன உரத்தைத் தடை செய்த புத்திசாலித்தனம் வேறு, அதை எழுதினால் விடிந்துவிடும்.

இது நேற்றைய நோயும் இல்லை. 1953இல் ஒரு கொத்து கூப்பன் அரிசியை 25 சதத்திலிருந்து 70 சதமாக்கினார்கள். ஹர்த்தால் வந்தது, பிரதமர் டட்லி பதவியை விட்டுப் போனார். அன்றிலிருந்து எந்தக் கட்சிக்கும் ஒரு பாடம் மனப்பாடம், கொடுக்கிறதைக் குறைக்காதே. கொடுத்தது பிழையென்று நான் சொல்ல வரவில்லை, இலவசக் கல்வி இல்லாவிட்டால் நான் கணக்காளரே இல்லை. அந்தக் காசை யாரிடம் எடுப்பது என்ற கேள்வியைத்தான் ஒருவரும் தொடவில்லை.

டிக்கோயா தங்கம்:

ஐயா, ஒருவரிடமும் எடுக்கவில்லை என்று சொல்லாதீர்கள். எங்களிடம் எடுத்தார்கள்.

நான் இப்போது கொட்டாஞ்சேனையில் இருக்கிறேன், வேலை கொழும்பில், அம்மா இன்னும் தேயிலைத் தோட்டத்து லய வீட்டில். கூப்பன் அரிசிக்கும் இலவச ஆஸ்பத்திரிக்கும் டொலர், பவுண் கொண்டுவந்தது பெரும்பாலும் தேயிலை. 1883இலிருந்து கொழும்பில் தேயிலை ஏலம் நடக்கிறது. அந்தக் கொழுந்தைப் பறித்தவர்களுக்கு 1948இல் குடியுரிமை இல்லை, பிறகு வாக்கும் இல்லை. வாக்கில்லாதவர்களுக்கு எந்த அரசாங்கம் பயப்படும்? இலவசக் கல்வி நாற்பதுகளில் வந்தது என்று பெருமையாகச் சொல்கிறோம், தோட்டப் பள்ளிக்கூடங்களை அரசாங்கம் பொறுப்பெடுக்க எழுபதுகள் ஆனது. அம்மா அஞ்சாம் வகுப்போடு நின்றது படிப்பு ஏறாமல் இல்லை. அவர் படித்த பள்ளியில் ஆறாம் வகுப்பே கிடையாது.

இன்றைக்கும் நாட்டுக்கு டொலர் கொண்டுவருவது யார் என்று விரல் விட்டு எண்ணுங்கள். கொழுந்தெடுக்கிற பெண், கட்டுநாயக்கா கார்மென்ட்டில் நிற்கிற பெண், குவைத்தில் வீட்டுவேலை செய்கிற பெண். டொலரைச் செலவழிக்கிற மேசையில் இவர்களில் ஒருத்தி இருந்ததை நான் பார்த்ததில்லை.

அப்புறம் நெருக்கடி வந்ததும் சீர்திருத்தம் என்றார்கள். 2022 ஆகஸ்டில் ஒரே இரவில் மண்ணெண்ணெய் 87 ரூபாவிலிருந்து 340. விலையை ஒரு நாளும் ஏற்றாமல் வைத்திருந்தது பிழை என்று படித்தவர்கள் சொல்கிறார்கள், இருக்கலாம். அம்மா அந்த மாதம் இரவில் அடுப்பு மூட்டுவதை விட்டுவிட்டார், பகல் வைத்த ரொட்டியும் சம்பலும்தான். அப்போது தோட்டத்தில் நாட்சம்பளம் 1000 ரூபா. 1350 ஆக 2024 செப்டம்பர் வரை இழுத்தது.

மருதானை மச்சான்:

அக்கா சொல்வதற்கு நான் எதிர் இல்லை. ஆனாலும் களவுதான். எங்கள் ஒழுங்கையை உடைத்து மாடி வீட்டுக்கு ஏற்றிவிட்டார்கள். நான் பதினோராம் மாடி. லிப்ட் வேலை செய்கிற நாளை விட செய்யாத நாள்தான் கூட. உம்மா மூன்று மாதமாகக் கீழே இறங்கவில்லை. முன்பு வாசலில் அப்பம் சுட்டு விற்றவர். பதினோராம் மாடிக்கு யார் அப்பம் வாங்க ஏறி வருவான்? பழைய இடத்தில் ஹோட்டல் வருகிறது. இதையும் அபிவிருத்தி என்றுதான் போர்டு போட்டிருக்கிறார்கள்.

கணக்குப்பிள்ளை:

தங்கம் பிள்ளை, நீங்கள் சொன்னது சரி, நான் கொழும்பிலிருந்து எழுதினதால் தவறவிட்டேன். இன்னொன்றும் விட்டுப்போனது. 2023இல் உள்நாட்டுக் கடனை மறுசீரமைத்தபோது வங்கிகளின் கையிலிருந்த திறைசேரி முறிகளைத் தொடவில்லை. ஈ.பி.எப். என்ற ஊழியர் சேமலாப நிதி போன்ற ஓய்வூதிய நிதிகளிடம், பழைய முறியைக் கொடுத்து வட்டி குறைந்த புது முறி வாங்கு, இல்லையென்றால் 14க்குப் பதில் 30 சதவீத வரி என்றார்கள். நாற்பது வருடம் என் சம்பளத்தில் வெட்டின காசு அதில்தான் இருந்தது. உங்கள் அம்மாவின் காசும் அதே பெட்டிதான். வங்கியைத் தொட்டால் வங்கி விழும் என்றார்கள், அதிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் யாருடைய காசைத் தொட்டால் சத்தம் வராது என்றும் பார்த்திருப்பார்கள்.

வெள்ளவத்தைத் தம்பி, மின்சாமான் கடை என்றீர்கள். 2019இல் வற் பதிவு இருந்ததா?

வெள்ளவத்தை ஒழுங்கை:

இருந்தது அண்ணா. இதைக் கேட்பீர்கள் என்று எதிர்பார்க்கவில்லை.

விற்பனை வருடத்துக்கு மூன்று, நாலு கோடி போகும். எல்லையை 30 கோடிக்கு ஏற்றினதும் முதல் மாதமே பதிவை ரத்துச் செய்யக் கொடுத்தோம். அன்றைக்குக் கடைப் பொடியன்கள் எல்லோருக்கும் புரியாணி எடுத்துக் கொடுத்தேன். இனி அந்தப் படிவம் இல்லை என்று அவ்வளவு சந்தோஷம். பல்பு, வயர், சுவிட்ச் விலையைக் குறைத்தோமா என்றால், இல்லை. பழைய விலைச்சீட்டே இருந்தது. பக்கத்துக் கடைகளும் குறைக்கவில்லை, நான் மட்டும் ஏன் குறைக்க வேண்டும் என்று நினைத்தேன்.

மகள் எல்லாப் பதிலையும் வாசித்துவிட்டாள். அந்த வருட லெட்ஜரைக் கேட்கிறாள். பரணில் இருக்கிறது, தேடி எடுக்க வேண்டும் என்று சொல்லி வைத்திருக்கிறேன்.