ஜரியா நிலக்கரித் தீயை இன்னும் ஏன் அணைக்க முடியவில்லை?

முகில்74:
நேற்று ஜரியா பற்றி ஒரு வீடியோ பார்த்தேன். ஜார்க்கண்டில் தன்பாத் பக்கத்து ஊர். தரை வெடிப்பிலிருந்து புகை வருகிறது, பத்தடி தள்ளி ஒரு அம்மா வாசலில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருக்கிறார். 1916லேயே தீயைக் கண்டுபிடித்துவிட்டார்களாம். நூறு வருஷத்துக்கு மேலாகவா ஒரு தீயை அணைக்க முடியாது? குழாய் போட்டுத் தண்ணீர் விட்டால் ஆகாதா?

கரித்துண்டு:
தம்பி, அந்தப் பக்கம் சுரங்கத்தில் பதினோரு வருஷம் வேலை பார்த்தவன் நான். சேர்ந்த முதல் வாரம் நானும் இதையேதான் கேட்டேன்.

நிலக்கரி எரிய தீக்குச்சி வேண்டாம். காற்றில் உள்ள ஆக்சிஜனை இழுத்துத் தானாகவே சூடேறும். நல்ல காற்றோட்டம் இருந்தால் சூடு வெளியே போய்விடும், காற்றே இல்லாவிட்டால் அடங்கிவிடும், இரண்டும் இல்லாமல் கொஞ்சமாகக் காற்று கசியும் இடம்தான் ஆபத்து. அந்தக் காலத்துத் தனியார் முதலாளிகள் எளிதில் கிடைத்த கரியை எடுத்துக்கொண்டு, கூரை தாங்கக் கரியிலேயே தூண்களை விட்டுவிட்டு, குழியை மணல் போட்டு நிரப்பாமல் போய்விட்டார்கள். தூண் நொறுங்கினால் கூரை இறங்கும், மேலே தரை வெடிக்கும், அந்த வெடிப்புதான் துருத்தி மாதிரி உள்ளே காற்றை ஊதும். நீறு பூத்த நெருப்புக்கு அது போதும்.

தண்ணீர் விட்டால் அது தனக்குப் பிடித்த வழியில் ஓடும், தீ இருக்கும் இடத்துக்கே போகாது. செக்கச்செவேலென்ற கரியில் பட்டால் ஹைட்ரஜனும் கார்பன் மோனாக்சைடும் கிளம்பும், வெடிக்கவும் செய்யும். தவிர, எங்கள் ஆட்களுக்குத் தண்ணீர் என்றாலே சாஸ்னாலாதான் ஞாபகம் வரும். அதுவும் ஜரியா நிலக்கரி வயலில் உள்ள ஒரு சுரங்கம்தான். 1975 டிசம்பர் 27, பக்கத்தில் தேங்கியிருந்த தண்ணீர் உடைத்துக்கொண்டு உள்ளே வந்ததில் 370 பேருக்கு மேல் போய்விட்டார்கள்.

வெயிலான்:
அண்ணன் சொல்வது சரி, ஆனால் பாதிக் கதை. 1970களில் தேசியமயமாக்கியபோதே சுமார் 70 இடங்களில் தீ இருந்தது. அதற்கப்புறம் திறந்தவெளிச் சுரங்கம் வந்தது, எரியும் கரியையே வெட்டி எடுத்துவிடுவது நல்ல வழிதான், மறுக்கவில்லை. ஆனால் வெட்ட வெட்டப் புதுக் கரி காற்றில் படுகிறதே? எஃகு ஆலைக்கு வேண்டிய கோக்கிங் கரி நம் நாட்டில் முக்கியமாக அங்கேதான் கிடைக்கிறது, அதை மூடிவைத்துவிட்டு யார் சும்மா இருப்பார்கள்? தீக்குப் பயந்து 2017ல் தன்பாத்–சந்திரபுரா ரயில் பாதையையே மூடினார்கள், 2019ல் திரும்பத் திறந்துவிட்டார்கள். அடியில் தீ அணைந்துவிட்டதா என்றால் சிரிப்புதான் வருகிறது.

நடைவண்டி:
அமெரிக்காக்காரனாலேயே முடியவில்லை பாஸ். பென்சில்வேனியாவில் சென்ட்ரேலியா, 1962ல் பிடித்த தீ. குப்பைமேட்டுக்கு வைத்த தீ பழைய சுரங்கத்துக்குள் இறங்கியது என்றுதான் பொதுவாகச் சொல்கிறார்கள். கடைசியில் 1984ல் 4 கோடி டாலருக்கு மேல் ஒதுக்கி ஊரையே காலி செய்ய வைத்தார்கள். ஆயிரம் பேர் இருந்த ஊர், இன்று விரல் விட்டு எண்ணிவிடலாம்.

முகில்74:
அப்போ ஜரியாவிலும் ஆட்களை வேறு இடத்துக்குக் கொண்டுபோக வேண்டியதுதானே?

கரித்துண்டு:
போகச் சொல்லாமல் இல்லை. 2009ல் பெரிய திட்டம் போட்டு, பேல்காரியாவில் அடுக்குமாடி கட்டிக் கொடுத்தார்கள். ஆனால் கரி பொறுக்கி சைக்கிளில் கட்டித் தள்ளிக்கொண்டு போய் விற்கிறவனுக்கு அங்கே என்ன வேலை இருக்கிறது? போனவர்களில் சிலர் பகலில் பழைய இடத்துக்கே பிழைப்புக்கு வருவதை நானே பார்த்திருக்கிறேன். நீங்கள் பார்த்த அம்மாவும் பயமில்லாமல் அங்கே இருக்கவில்லை தம்பி. அந்த வீடியோ லிங்க் இருந்தால் போடுங்கள், எந்தப் பஸ்தி (குடியிருப்பு) என்று பார்க்கிறேன்.