சாஸ் அண்ட் டேவ்: டேவ் பீகாக் 'பக்கத்தில் நின்றவர்' மட்டும்தானா?

பேஸ்கம்பி:
சாஸ் ஹாட்ஜஸும் டேவ் பீகாக்கும் சேர்ந்த பிரிட்டிஷ் பாட்டு ஜோடிதான் சாஸ் அண்ட் டேவ். அதில் சாஸ் பியானோ, டேவ் பேஸ் (தாழ்ஸ்வரக் கிதார்). நேற்று இங்கே ஒருவர் எழுதியது: "சாஸ் அண்ட் டேவ் ஜோடியில் உண்மையான பேஸ் கலைஞர் சாஸ் ஹாட்ஜஸ்தான். டேவ் பீகாக் தாடியோடு பக்கத்தில் நின்று சிரித்தவர்." படித்ததிலிருந்து வேலை ஓடவில்லை. பிரிட்டிஷ் பாடகர் லாபி சிஃப்ரி 1975-ல் வெளியிட்ட 'ஐ காட் தி' பாட்டைக் கேட்டிருக்கிறீர்களா? அமெரிக்க ராப் பாடகர் எமினெம் 1999-ல் 'மை நேம் இஸ்' பாட்டுக்கு அப்படியே எடுத்துப் போட்டது அதன் பின்பாதியைத்தான். உலகமே தலையாட்டிய அந்த பேஸ், டேவ் பீகாக்கின் விரல். சாஸ் அதில் வாசித்தது கிதார்.

வடலண்டன்வாசி:
எழுதியது நான்தான், மாற்றிக்கொள்ளவும் மாட்டேன். சாஸ் 1960களிலேயே அவுட்லாஸ் குழுவில் பேஸ் வாசித்தவர். 1963-ல் அமெரிக்க ராக் அண்ட் ரோல் பாடகர் ஜெர்ரி லீ லூயிஸ் இங்கிலாந்து வந்தபோது பின்னால் நின்று வாசித்தவர். பிறகு பாடகர் கிளிஃப் பென்னட்டின் குழு, அப்புறம் ஹெட்ஸ் ஹேண்ட்ஸ் அண்ட் ஃபீட் குழு. டேவிடம் இப்படி ஒரு வரிசை உண்டா? சாஸ் பியானோவுக்குப் போனார், பேஸ் இடம் காலியானது, டேவ் வந்தார். அவ்வளவுதான் கதை.

பேஸ்கம்பி:
காலியான இடத்தில் நிரப்ப இது என்ன பஸ் சீட்டா? சாஸே பேஸ்காரர். நல்ல காது உள்ளவர். அவர் தன் வாத்தியத்தை ஒருவரிடம் கொடுத்துவிட்டு பியானோவில் உட்கார்ந்தார் என்றால், அந்த ஒருவரை எவ்வளவு நம்பியிருக்க வேண்டும்! மறுபடியும் கேட்கிறேன்: 1975, லாபி சிஃப்ரி, பேஸ் யார்?

தாளக்கட்டு:
இரண்டு பேரும் டிரம்மர் மிக் பர்ட்டை மறந்துவிட்டீர்கள். கிளிஃப் பென்னட் காலத்திலிருந்தே சாஸுக்குப் பழக்கமானவர். மேடையில் மூன்று பேர், பெயரில் இரண்டு பேர். இந்த அநியாயத்தைப் பற்றி யாராவது பேசுங்களேன்.

பேஸ்கம்பி:
உங்களுக்கு எந்த விவாத இழைக்கு வந்தாலும் டிரம்ஸ்தான். போன மாதமும் இப்படித்தான் வந்து பேச்சைத் திருப்பினீர்கள், அதை நான் மறக்கவில்லை. இங்கே கேள்வி பேஸ்.

வடலண்டன்வாசி:
சரி, அந்த பேஸுக்கே வருகிறேன். பாட்டு சிஃப்ரியுடையது. டேவும் சாஸும் கூலிக்கு வாசிக்கப் போனவர்கள். கொத்தனார் கட்டினார் என்பதற்காக வீடு அவருடையது ஆகிவிடுமா? அனுமதி கேட்டு எமினெம் தரப்பு போய் நின்றதும் சிஃப்ரியிடம்தான். ஓரினச் சேர்க்கையாளர்களையும் பெண்களையும் கேவலப்படுத்தும் வரிகளை எடுக்கச் சொன்னதும் அவர்தான். டேவிடம் யாரும் கேட்கவில்லை.

பேஸ்கம்பி:
உரிமையைப் பற்றி நான் பேசவே இல்லை. விரலைப் பற்றிப் பேசுகிறேன். நான் பன்னிரண்டு வருடம் மெல்லிசைக் குழுவில் பேஸ் வாசித்தவன். அந்தப் பாட்டு ஆறு நிமிடத்துக்கு மேல் போகும். முதல் பாதி ஒரு ஓட்டம். நடுவில் அது அடங்கி வேறொரு பாட்டு மாதிரி திறக்கும். அங்கே பேஸ் அவசரமே படாமல் நடக்கும். ஸ்வரத்தை அழுத்துவதைவிட எப்போது விடுகிறார் என்று கவனியுங்கள். அந்த இடைவெளியில்தான் தலை ஆடுகிறது. எழுதிக் கொடுத்தாலும் இது எல்லார் கைக்கும் வராது. பக்கத்தில் நின்று சிரித்தவர் வாசித்ததா இது?

புதுக்காது:
அண்ணே, இவர்கள் பப்பில் பாடும் கேலிப் பாட்டுக்காரர்கள்தானே? 'ராபிட்' என்று வாயாடிப் பெண்ணைப் பற்றி ஒரு பாட்டு கேட்டேன். இதற்கு ஏன் இவ்வளவு சண்டை?

பேஸ்கம்பி:
தம்பி, 'கேலிப் பாட்டு' என்பதால்தான் டேவை யாரும் கவனிக்கவில்லை. 1979-ல் இங்கிலாந்தின் நெப்வொர்த்தில் லெட் செப்பலின் ராக் குழு வாசித்த விழாவில் இவர்களும் மேடை ஏறினார்கள். 1982-ல் 'எய்ன்ட் நோ ப்ளீஸிங் யூ' பிரிட்டிஷ் தரவரிசையில் 2-ஆம் இடம். அது கேலியே இல்லை, மனம் வெறுத்துப்போன ஒருவனின் பாட்டு. அமெரிக்கக் குரலைக் கடன் வாங்காமல், தங்கள் தெருவில் பேசுகிறபடியே பாடினார்கள். அதற்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும் தெரியுமா?

வடலண்டன்வாசி:
தங்கள் தெரு எது? காக்னி என்கிறார்கள், அதாவது கிழக்கு லண்டனில் 'போ' (Bow) தேவாலய மணி கேட்கும் தூரத்தில் பிறந்தவர்கள். சாஸ் எட்மண்டன், டேவ் என்ஃபீல்டு பக்கம். இரண்டும் வடக்கு லண்டன். அந்த மணி அங்கே எந்தக் காதில் விழும்? நான் பத்து வருடமாக இந்தப் பக்கம்தான் இருக்கிறேன், எனக்குச் சொல்லித்தர வேண்டாம்.

தாளக்கட்டு:
வடக்கு லண்டன் என்பதால்தான் 1981-ல் வடக்கு லண்டனின் டாட்டன்ஹாம் கால்பந்து அணிக்கு 'ஆஸிஸ் ட்ரீம்' பாட்டு போட்டார்கள். அதிலும் டிரம்ஸ் கேளுங்கள்.

பேஸ்கம்பி:
மணி, கால்பந்து, டிரம்ஸ் எல்லாம் பேசுகிறீர்கள். கேட்டதற்கு மட்டும் பதில் வரவில்லை. 2009-ல் மனைவி புற்றுநோயில் இறந்ததும் டேவ் மேடையை விட்டு விலகினார். பக்கத்தில் நிற்க ஒரு தாடிதான் வேண்டும் என்றால் வேறொருவரை நிறுத்தி அதே பெயரில் போயிருக்கலாமே? டேவ் திரும்பி வந்த பிறகுதானே ஜோடி மறுபடி ஜோடியானது? 2018 செப்டம்பரில் சாஸ் இறக்கும்வரை அது உடையவில்லையே?

வடலண்டன்வாசி:
அது நட்பு. நான் பேசுவது வாசிப்பு. அவுட்லாஸில் பேஸ் வாசித்தது சாஸ்.

பேஸ்கம்பி:
லாபி சிஃப்ரிக்கு வாசித்தது டேவ்.

வடலண்டன்வாசி:
கூலிக்கு.

பேஸ்கம்பி:
அவுட்லாஸில் உங்கள் சாஸ் மட்டும் இலவசமாகவா வாசித்தார்? இன்று ராத்திரி அந்தப் பாட்டின் பின்பாதியை நல்ல ஹெட்போனில் போட்டுக் கேட்டுவிட்டு வாருங்கள். நான் இங்கேதான் இருப்பேன்.

தாளக்கட்டு:
மிக் பர்ட்டுக்குத் தனி இழை தொடங்கிவிட்டேன். விருப்பம் உள்ளவர்கள் அங்கே வரலாம்.