கதையில் வரும் நிலாவுக்குக் கணக்கு இடிக்கிறது, உதவுங்கள்

வணக்கம் நண்பர்களே. நான் எழுதும் மிகைபுனைவு நாவலில் ‘பின்னிலா’ என்றொரு துணைக்கோள் வருகிறது. அதன் வெளிச்சத்தில் ஒரு நாழிகை நின்றால் வெளியே ஒரு மாதம் ஓடிவிடும். கடன்காரன் அங்கே ஒளிந்துகொண்டால் வட்டியை எந்த நாளிலிருந்து போடுவது என்று பஞ்சாயத்தே நடக்கும். (இந்தப் பகுதியை மட்டும் வெட்டச் சொல்லாதீர்கள்!)

நகர்வுக்கு செவ்வாய்க் கோளின் நிலாவான ஃபோபோஸ்தான் மாதிரி. 7 மணி 39 நிமிடத்தில் ஒரு சுற்று. செவ்வாய் தன்னைத்தானே சுற்றுவதைவிட வேகம் என்பதால் அங்கே நிற்பவருக்கு மேற்கே உதித்துக் கிழக்கே மறையும்.

சிக்கல் காலத்தில்தான். ஈர்ப்பு கூடினால் காலம் மெதுவாகும், சரி. ஆனால் இவ்வளவு மெதுவாக வேண்டுமென்றால் கருந்துளையை ஒட்டி நிற்க வேண்டுமே, சின்ன நிலாவுக்கு ஏது அந்த ஈர்ப்பு? இயற்பியல் தெரிந்தவர்களே, வேறு காரணம் ஏதாவது பொருந்துமா? இல்லை, ஊர்க்கதையாகவே விட்டுவிடலாமா?