குறைந்த செலவில் மணமேடை கட்டியவர்கள், உங்கள் கதையைச் சொல்லுங்கள்

வத்தலக்குண்டு அண்ணன்:

தங்கச்சி கல்யாணம் போன ஆவணியில் முடிந்தது. மண்டப வாடகை, சமையல்காரர் முன்பணம், நகை என்று எல்லாம் போக, மேடை அலங்காரத்துக்கு எங்களிடம் மிஞ்சியது 15,000 ரூபாய். டெக்கரேஷன்காரர் ஆல்பத்தைப் புரட்டிக் காட்டிவிட்டு, "சிம்பிளா பண்ணாலே 85 ஆகும் சார்" என்றார். அதிலும் பாதிக்குப் பாதி பிளாஸ்டிக் பூ. அப்பா ஆல்பத்தை மூடி அவரிடமே கொடுத்துவிட்டார். "நாமளே கட்டிக்கலாம்டா."

சொல்லிவிட்டாரே ஒழிய, யாருக்கும் ஒன்றும் தெரியாது. மேடை முழுக்கப் பூவாக நிறைப்பது என்றுதான் நான் கணக்குப் போட்டிருந்தேன். வளர்பிறை முகூர்த்தம், அதுவும் ஞாயிற்றுக்கிழமை. திண்டுக்கல் பூ மார்க்கெட்டில் மல்லிகை விலையைக் கேட்டதும் பேச்சே வரவில்லை. என் முகத்தைப் பார்த்து அந்த வியாபாரியே சொன்னார்: "மல்லியப் பொண்ணு தலைக்கு மட்டும் வாங்குங்க தம்பி. மேடைக்குச் செண்டுமல்லியும் சம்பங்கியும் போதும். மிச்சத்துக்கு ஓலையக் கட்டுங்க."

அதோடு திட்டமே மாறிவிட்டது. பச்சை எல்லா இடத்திலும், பூ மூன்றே இடத்தில்: மணவறை முகப்பு, அதன் இரண்டு தூண்கள், மண்டப வாசல். போட்டோவில் விழுவது அவ்வளவுதானே. தென்னங்குருத்து மாமா தோப்பிலிருந்து வந்தது, மாவிலை எதிர்வீட்டு மரத்திலிருந்து. தாரோடு வாழைமரம் இரண்டு ஜோடி 3,000. செண்டுமல்லி 25 கிலோ, கிலோ 70 ரூபாய். சம்பங்கி 8 கிலோ. மணவறைச் சட்டம் மட்டும் வாடகைக்கு 2,500. சீரியல் லைட், வண்டி வாடகை, நூல், ஊசி எல்லாம் சேர்த்து 12,350 ரூபாயில் முடிந்தது.

பின்னால் தொங்கவிடத் துணி வேண்டுமே? அது அம்மாவின் மூளை. அத்தை, சித்தி, பெரியம்மா என்று முறைக்குச் சேலை எப்படியும் எடுத்துத்தான் ஆக வேண்டும். சின்னாளப்பட்டியில் மஞ்சளும் அரக்குமாகப் பதினொரு சுங்குடிச் சேலை எடுத்து, கொசுவம் வைத்து வரிசையாகக் கயிற்றில் தொங்கவிட்டோம். பட்டு ஜரிகையைவிட அந்தப் புள்ளிகள் விளக்கு வெளிச்சத்தில் அப்படி எடுத்துக் கொடுத்தன.

முதல் நாள் சாயங்காலம் சாப்பாட்டுக் கூடத்தில் பாயை விரித்துச் செண்டுமல்லியைக் கொட்டினோம். ஆளுக்கொரு கோணூசி. பூவின் காம்பைக் கிள்ளிவிட்டு நடுவில் குத்தி இழுக்க வேண்டும். ஓரத்தில் குத்தினால் சரம் கோணிக்கொள்ளும். முதல் பத்து முழம் கோணல்தான், அதை எல்லாம் மேடைக்குப் பின்பக்கம் கட்டிவிட்டோம். பாட்டி மட்டும் ஊசியைத் தொடவில்லை. நனைத்த வாழைநாரில் சம்பங்கியைக் கட்டிக்கொண்டே போனார், எங்கள் நாலு பேர் வேகத்துக்கு அவர் ஒருத்தர்.

தப்பும் நடந்தது. சம்பங்கிச் சரத்தைச் சீக்கிரமே தொங்கவிட்டுவிட்டோம். வரவேற்புக்குப் போட்ட போகஸ் லைட் சூட்டில் ராத்திரி பத்து மணிக்கே பழுப்பேறிவிட்டது. நல்லவேளை, பாதிப் பூ ஈரத்துணிக்குள் இருந்தது. விடியற்காலை மூன்று மணிக்கு ஏணி போட்டு மாற்றினோம். செண்டுமல்லி அசையவே இல்லை. இன்னொன்று: வாழைமரத்தை வெள்ளைச் சட்டையோடு தூக்காதீர்கள். சித்தப்பா மகன் தூக்கினான். அந்தக் கறை இன்னும் போகவில்லை.

நீங்கள் எப்படிச் சமாளித்தீர்கள்?

பூக்கடைக்காரர் மகள்:

அந்த வியாபாரி சொன்னது சரி. ஒன்று சேர்த்துக்கொள்ளுங்கள். முகூர்த்த நாளில் போய் நின்று பேரம் பேசினால் நடக்காது. பத்து நாளைக்கு முன்பே கிலோ கணக்கைச் சொல்லி முன்பணம் கொடுத்துவிட வேண்டும். தை மாதக் கல்யாணம் என்றால் மல்லிகையை மறந்தே விடுங்கள். பனிக்கு அரும்பே வராது, வருகிற கொஞ்சத்துக்கும் அடிதடி. கோழிக்கொண்டையை யாரும் கேட்பதில்லை, ஏன் என்றே தெரியவில்லை. அந்தச் சிவப்பு எந்த ரோஜாவுக்கும் வராது, சீக்கிரம் வாடவும் வாடாது. செண்டுமல்லி மஞ்சளுக்கு நடுவில் ஒரு வரிசை கொடுத்துப் பாருங்கள்.

கரவெட்டிப் பெடியன்:

எங்கட அக்காவின் கலியாணம் வீட்டுப் பந்தலில்தான் நடந்தது. மணவறை மட்டும் வாடகைக்கு எடுத்தோம். மேலே வெள்ளைத் துணி கட்டி, சுற்றிவரக் குருத்தோலைத் தோரணம். இரவிரவாக நானும் சிநேகிதர்மாரும் இருந்து பின்னி முடித்துக் கட்டிவிட்டு, நல்ல பெருமையோடு படுத்தோம். காலையில் பெரியப்பா வந்தார். பந்தலை அண்ணாந்து பார்த்தார். "டேய், இது கலியாண வீடோ செத்த வீடோ?" என்றார். ஓலையில் மடித்த குருவிகளின் தலை மேலே பார்க்க வேணும். செத்த வீட்டுக்குத்தான் கீழே பார்க்கும். நாங்கள் அரைவாசியைத் தலைகீழாகக் கட்டியிருந்தோம். அம்மா கண்ணில் படுவதற்குள் எல்லாவற்றையும் அவிழ்த்துத் திருப்பிக் கட்டினோம். காசு மிச்சம்தான், ஆனால் தெரிந்த ஒரு பெரியவரை இரவே பக்கத்தில் இருத்திவையுங்கோ.

வடபழனி அம்மா:

உங்களுக்கெல்லாம் கட்ட விட்டார்கள், கொடுத்துவைத்தவர்கள். நாங்கள் பிடித்த மண்டபத்தில் அவர்கள் ஆள்தான் அலங்காரம் செய்ய வேண்டுமாம். முன்பணம் கட்டின பிறகுதான் சொன்னார்கள். வெளியிலிருந்து பூ கொண்டுவந்தால் அதற்குத் தனிக் கட்டணம். கடைசியில் வாசல் கோலம் மட்டும் எங்கள் கையில் இருந்தது. நானும் என் நாத்தனாரும் அரிசி மாவில் இழை இழுத்து, காவிக் கரை கட்டினோம். வந்தவர்கள் எல்லாரும் நின்று பார்த்தது அதைத்தான். மண்டபம் பிடிக்கும் முன்னால் இதைக் கேட்டுவிடுங்கள். சுவரில் ஆணி அடிக்கலாமா என்றும் கேளுங்கள், அதற்கும் பிடித்தம் உண்டு.

சின்னாளப்பட்டி மருமகள்:

அண்ணா, ஒரு சந்தேகம். மேடையில் தொங்கிய சேலையையா முறைக்குக் கொடுத்தீர்கள்? யாரும் ஒன்றும் சொல்லவில்லையா? சேலையில் ஓட்டை விழவில்லையா?

வத்தலக்குண்டு அண்ணன்:

ஓட்டை விழவில்லைம்மா. குண்டூசியே தொடவில்லை, துணி காயப்போடும் கிளிப்தான். மறுநாள் தேய்த்து, தட்டில் வெற்றிலை பாக்கோடு வைத்துக் கொடுத்தோம். பெரியம்மா மட்டும் சேலையைப் பிரித்துப் பார்த்து, "இது மேடையில தொங்குனதுதானே?" என்றார். எங்களுக்கு வயிற்றைக் கலக்கியது. "நடுவுல, பொண்ணுக்கு நேர் பின்னால தொங்குச்சே, அந்த அரக்குச் சேலை எனக்குன்னு நேத்தே நெனச்சேன். இது வேற" என்று மஞ்சளைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். அந்த அரக்குச் சேலை அத்தைக்குப் போயிருந்தது. அதை எப்படி வாங்கி மாற்றினோம் என்பது தனிக் கதை, அத்தையும் இதைப் படிப்பதால் இங்கே சொல்ல முடியாது.