நோசிசெப்ஷன்: உணர்தலா, உணர்த்தலா?

பினாங்கிலிருந்து:

அனைவருக்கும் வணக்கம்.

முதுகுவலிக்காரர்களுக்கான கையேடு ஒன்றைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். உடலுக்குத் தீங்கு செய்யக்கூடியதை நரம்புகள் கண்டு செய்தி அனுப்புவதைக் குறிக்கும் நோசிசெப்ஷன் என்ற சொல்லில் மூன்று நாளாக மாட்டிக்கொண்டு நிற்கிறேன். போன வாரம் இந்தக் குழுவில் பேசி அதற்குத் தமிழில் 'வலியுணர்வு' என்று முடித்துவிட்டோம். எனக்கு அது ஒப்பவில்லை.

தோசைக்கல்லில் விரல் பட்டால் கை தானாகப் பின்வாங்குகிறது, அப்புறம்தான் 'ஆ' வருகிறது. தோலில் உள்ள நரம்பு முனைகள் சூட்டைக் கண்டு துடிப்பை அனுப்புகின்றன. மூளையைக் கேட்காமலே தண்டுவடம் கையை இழுத்துவிடுகிறது. அந்தச் செய்தி மேலே போய் வலியாக மாறுவது தனிக் கதை. அதிலும் இரண்டு தவணை. மயலின் என்ற மெல்லிய கொழுப்புறை போர்த்திய ஏ-டெல்டா நரம்பிழைகள் நொடிக்கு 5 முதல் 30 மீட்டர் வேகத்தில் ஓடிச் 'சுருக்'கென்ற முதல் வலியைக் கொடுக்கின்றன. உறையே இல்லாத சி இழைகள் நொடிக்கு ஏறக்குறைய 1 மீட்டர்தான். எரிச்சல் அவற்றோடு ஆடி அசைந்து வந்து சேரும்.

அறுவைச் சிகிச்சையில் முழு மயக்கத்தில் கிடப்பவருக்கும் கத்தி பட்டால் இந்த நரம்புகள் துடிக்கத்தான் செய்கின்றன. வலி மட்டும் இல்லை. காலை இழந்தவருக்கோ இல்லாத காலில் வலிக்கிறது. நம் பினாங்குத் தண்ணீர்மலை முருகன் கோயிலுக்குத் தைப்பூசத்தன்று அலகு குத்திக்கொண்டு ஏறுகிறவரைக் கேட்டால் 'ஒன்றும் தெரியவில்லை' என்பார். மூளைத்தண்டிலிருந்து இறங்கும் நரம்புகளால் செய்தியைத் தண்டுவடத்திலேயே அமுக்கிவிட முடியும். நரம்பின் துடிப்பு வேறு, வலி வேறு. வலி ஆய்வுக்கான பன்னாட்டுச் சங்கம் 2020இல் திருத்திய வரையறையின் குறிப்பும் இதைத்தான் சொல்கிறது.

1906இல் வந்த தன் நூலில் நோசிசெப்ஷன் குடும்பச் சொற்களைக் கையாண்ட நரம்பியல் அறிஞர் ஷெரிங்டனும் வலிக்கான சொல்லை எடுக்கவில்லை. 'தீங்கு செய்' என்று பொருள்படும் இலத்தீன் வேரை எடுத்தார். (அந்த வேரும் நம் 'நோ'வும் ஒன்றுபோல் ஒலிப்பது தற்செயல். அதைப் பிடித்துக்கொண்டு யாரும் கிளம்பிவிட வேண்டாம்!)

ஆகவே என் பரிந்துரை: ஊறுணர்வு. 'ஊறு விளைவித்தல்' எல்லாருக்கும் தெரிந்த வழக்குதானே.

---

கோலாலம்பூரிலிருந்து:

வாத்தியார் ஐயாவுக்கு வணக்கம்.

வலியை வெளியே தள்ளியது சரி. ஆனால் ஐயா, நீங்களே தமிழாசிரியர், 27ஆம் குறளை மறந்தீர்களா? 'சுவையொளி ஊறோசை நாற்றம்' என்ற இடத்தில் ஊறு என்றால் தொடுகை. குறள் படித்தவர் ஊறுணர்வைத் தொடுவுணர்வு என்றே எடுத்துக்கொள்வார். குறள் படிக்காதவர் என்ன செய்வார் என்று நேற்றுக் கிளினிக்கில் ஒரு பெரியவரிடம் சொல்லிப் பார்த்தேன். "ஊறுகாயா டாக்டர்?" என்றார்.

பிரிக்பீல்ட்ஸில் இருந்த என் அப்பம்மா, யாழ்ப்பாணத்துக்காரர், கடைசிவரை 'நோகுது' என்றுதான் சொன்னார். 'நோவுணர்வு' என்று வைக்க எனக்கும் ஆசைதான். ஆனால் அதுவும் வலியேதான், பின்வாசல் வழியாக வருகிறது. நம் நோயும் நோவும் ஒரே வேர். மலாய்க்காரர்களின் 'சாகிட்' ஒரே சொல்லாகவே இரண்டையும் சுமக்கிறது. இந்தக் குடும்பத்தையே விட்டுவிடுவோம்.

எனக்கு 'உணர்வு' என்ற பின்பாதிதான் உறுத்துகிறது. உணர்வு என்றாலே உள்ளே யாரோ உட்கார்ந்து உணர்வதுபோல் இருக்கிறது. நரம்பு உணர்வதில்லை, உணர்த்துகிறது. உணர்வது ஆள். தன்வினை, பிறவினை என்று நீங்கள் பிள்ளைகளுக்கு நடத்தியதுதானே?

உணர்த்துகிறவர் பொய்யும் சொல்லலாம். நாசி கண்டார் சோற்றோடு ஒரு சிலி பாடி மிளகாயைக் கடித்துப் பாருங்கள். வாய் வெந்தா போகிறது? ஏறக்குறைய 43 பாகை செல்சியஸ் சூட்டில் திறக்கும், நரம்பு முனையிலுள்ள டிஆர்பிவி1 என்ற வாயிலை மிளகாயின் காரப்பொருளான கேப்சைசினும் திறந்துவிடுகிறது. நரம்பு 'சுடுகிறது' என்று செய்தி அனுப்புகிறது. இந்த வாயிலை 1997இல் கண்டறிந்தது டேவிட் ஜூலியஸ் குழு. 2021இல் அவருக்கு நோபல் பரிசு. சுடாததைச் சுடுகிறது என்று உணர்த்த முடியும் என்றால் 'உணர்த்தல்' எவ்வளவு பொருத்தம் பாருங்கள்.

ஆக, ஊறுக்குப் பதில் தீங்கை வைத்து, நடக்கும் செயலுக்குத் தீங்குணர்த்தல், அந்த நரம்பணுவுக்குத் தீங்குணர்த்தி. டிஆர்பிவி1 போன்ற மூலக்கூற்றுக்கு 'ஏற்பி' (ரிசெப்டர்) என்பது ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறது. அதை நரம்பணுவுக்கும் வைத்துக் குழப்ப வேண்டாம். 'தீங்கேற்பு' என்று யாரோ எழுதியிருந்தார்கள், எனக்குப் பதவியேற்பு விழாதான் ஞாபகம் வந்தது.

---

பினாங்கிலிருந்து:

டாக்டர், ஊறுகாயோடு நான் தோற்றேன்.

ஒரு சின்ன மனத்தாங்கல் மட்டும். 43 பாகையில் தோல் உடனே வெந்துவிடாது. தீங்கு வருமுன்பே நரம்பு கத்தத் தொடங்குகிறது. தீங்குணர்த்தல் என்றால் தீங்கு நடந்தே முடிந்ததாகப் படிப்பார்களோ என்று யோசித்தேன். அப்புறம், மழை வருமுன் சொல்வதையும் மழை அறிவிப்பு என்றுதானே சொல்கிறோம் என்று சமாதானம் ஆகிவிட்டேன்.

கையேட்டில் இப்படி எழுதியிருக்கிறேன்: "தீங்குணர்த்திகள் துடித்தால் வலி வரலாம், வராமலும் போகலாம். அவை துடிக்காமலும் வலி வரலாம்." என் மனைவி ஒரே வாசிப்பில் புரிகிறது என்றாள்.

அடுத்த பக்கத்திலேயே இன்னொன்று காத்திருக்கிறது. வெயிலில் வெந்த தோலில் சட்டை பட்டாலே எரிகிறதே, அலோடினியா. அதற்கு என்ன வைக்கலாம்?